ஹினேஸின் கூரைக்கு வெள்ளை

"எலாடியோ அண்ணே, உங்க காலைப் புடிச்சுக் கேக்குறேன். மத்தியானத்துக்குள்ள அடிச்சுக் குடுத்துருங்க."

ஹினேஸ் என் வாசலில் நின்றான். தொப்பி கையில் இருந்தது.

இரவில் பெய்த ஆகஸ்ட் மழை அவனுடைய பசுமைக்குடிலின் பிளாஸ்டிக் கூரையில் வெயிலைத் தடுக்கப் பூசியிருந்த சுண்ணாம்பை முழுக்கக் கழுவிவிட்டது. உள்ளே புதிதாக நட்ட குடைமிளகாய் நாற்று. வெயில் ஏறினால் அத்தனையும் கருகிவிடும்.

ஸ்பெயினின் இந்த அல்மெரியா முழுக்க இதே கதி. வெள்ளையடிக்கும் ஆட்கள் எவரும் சிக்கவில்லை. என்னிடம் சொந்தமாகச் சுண்ணாம்புத் தொட்டியும் தெளிக்கும் பம்பும் இருந்தன.

மூன்று வருடங்களாக நாங்கள் பேசியதில்லை.

அவன் மகன் என் மகள் அராசெலியைத் தேவாலய வாசலில் மணக்கோலத்தில் நிற்கவைத்துவிட்டு, வராமலே போனான். அதையாவது பொறுத்திருப்பேன். அன்று மாலையே மதுக்கடையில், "நோய் விழுந்த நாத்தை எவன்யா வாங்குவான்?" என்று கேட்டான் இந்த ஹினேஸ். கடையே சிரித்தது.

எங்கள் குடும்பத்தில் எவரும் குரலை உயர்த்திச் சண்டை போட்டதில்லை. நானும் போடவில்லை.

"நட, வர்றேன்" என்றேன்.

இஸ்திரி போட்ட சட்டையோடுதான் கூரை ஏறினேன். கம்பிகளின் மேல் கால் வைத்து, அடர்த்தியாக அடித்தேன்.

"நாத்து தலை நிமிருது அண்ணே!" என்று ஹினேஸ் உள்ளிருந்து கத்தினான்.

இறங்கியதும் என் சுண்ணாம்புக் கையைப் பிடித்து முத்தமிட்டான். பழையதை மனதில் வைத்துக்கொள்ளாத பெரிய மனிதர் என்று, வேலியோரம் நின்றவர்களிடம் சொன்னான்.

நான் கையை இழுத்துக்கொள்ளவில்லை.

அக்டோபரில் வெயில் தளரும். அப்போது எல்லோரும் தண்ணீரைப் பீய்ச்சிச் சுண்ணாம்பைக் கழுவி எடுத்துவிடுவோம். குளிர்காலத்தில் வெளிச்சம் கிடைக்காத செடி வெறும் இலைதான் விடும். காய்க்காது.

வீட்டுக்கு வந்தேன். அராசெலி கொல்லையில் தொட்டியைக் கழுவ உட்கார்ந்தாள்.

"என்னப்பா இது, எவ்வளவு தேய்ச்சாலும் போக மாட்டேங்குது?"

"விடும்மா. அது போகாது."

சுவருக்குப் பூசும் பசையைச் சுண்ணாம்பில் கலந்திருந்தேன். தண்ணீருக்கு அசையாது. சுரண்டினால் பிளாஸ்டிக்கே கிழிந்துவிடும்.

அராசெலி என்னைப் பார்த்தாள். பிறகு பிரஷைக் கீழே வைத்துவிட்டு எழுந்து, வேலிக்கு அப்பால் தெரிந்த ஹினேஸின் கூரையை வெகுநேரம் பார்த்தாள்.

"கடல் பக்கமா ஒரு மூலை விட்டுப்போச்சேப்பா" என்றாள்.