தரை பழகாத கால்கள்

கஜகஸ்தான் புல்வெளிக்கு மேலே, காலை வெயிலில், ஆரஞ்சும் வெள்ளையுமாக ஒரு பாராசூட் இறங்கிக்கொண்டிருக்கிறது. அதன் அடியில் கருகிய மணிபோல விண்கலம். மேட்டில் ரௌஷான் மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு அண்ணாந்து நிற்கிறாள். இரண்டு வயதாகியும் மகள் ஓர் அடிகூட வைக்கவில்லை. முதல் அடி வைக்கும் பிள்ளையின் காலில் ஊர் வழக்கப்படி கட்டி அறுக்கும் கறுப்பு வெள்ளைக் கயிறு ரௌஷானின் பையில் காத்துக் கிடக்கிறது. தூரத்தில் புழுதி எழுகிறது; சத்தம் பிறகுதான் வருகிறது. காற்றில் உப்பிய துணி கலத்தை இழுத்துச் சாய்க்கிறது. ஒரு வடம் விடுபட்டதும் துணி பெருமூச்சு விட்டதுபோல் புல்லில் படிகிறது. உள்ளே இருந்த விண்வெளி வீரர் ஒருவரை நான்கு பேர் தூக்கி வந்து நாற்காலியில் உட்கார வைக்கிறார்கள்.

“ஆறடி ஆளு, கால் நிக்கல பாருங்க அண்ணி,” என்று நாத்தனார் கமர் சிரிக்கிறாள். “மேலயே இருந்து பழகிட்டாரு.”

ரௌஷான் மகளின் தொங்கும் கால்களைப் பார்க்கிறாள்.

“நம்ம சின்னக் கழுதை அதுக்கும் மேலேருந்து வந்திருப்பா. தரை பழகட்டும், விடுங்க.”

வெகுநேரம் கழித்து ரௌஷான் மகளை மெல்ல இறக்குகிறாள். சின்னப் பாதங்கள் புல்லைத் தொடுகின்றன. அக்குளில் கொடுத்த கைகளை அவள் இன்னும் எடுக்கவில்லை.