அழ வேண்டிய இடம்

"முதல்ல வயிறு வலிக்கச் சிரிப்பாங்க. கடைசியில கண்ணு கலங்கும். அந்த பேலன்ஸ்தான்யா என் முத்திரை!" என்றார் இயக்குநர் ஹரிஹரன்.

மாமல்லபுரம் கடற்கரை பங்களாவில், அவருடைய குடும்ப காமெடித் தொடரின் முதல் பகுதியைச் சிலருக்குப் போட்டுக் காட்டினார்கள். இவர்கள் அழுதால்தான் சேனல் ஓகே சொல்லும்.

"பையை வெளிய வைங்கம்மா," என்றான் மேனேஜர் பிரவின்குமார்.

"வாணாம் நைனா, கையிலயே இருக்கட்டும்," என்றாள் படம் பார்க்க வந்திருந்த அமிர்தவல்லி.

திரையில் மாமனார் இட்லி மாவில் வழுக்கி விழுந்தார். யாரும் சிரிக்கவில்லை.

"ஐயோ, இடுப்பு போச்சே!" என்று பதறினார்கள்.

கடைசிக் காட்சியில் மகன் கைநீட்டினான். "தப்புப் பண்ணிட்டேம்மா. வா, நம்ம வீட்டுக்குப் போலாம்."

கூடமே விழுந்து விழுந்து சிரித்தது.

"இன்னாமா ரீல் வுடுறான் பாரு!" என்று ஒருவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

ஹரிஹரன் கொதித்தார். "எங்கேயிருந்துய்யா புடிச்சே இவங்கள?"

"பக்கத்து முதியோர் இல்லம் சார். நாஸ்தா குடுத்தா வர்றோம்னாங்க."

அமிர்தவல்லி மட்டும் சிரிக்கவில்லை. கட்டைப்பையோடு எழுந்து திரைக்கு அருகில் போய் நின்றாள்.

"துணியெல்லாம் எடுத்துக்கினேன் கண்ணு. போலாமா?"

திரையில் பெயர்கள் ஓடிக்கொண்டிருந்தன.