மூணாம் நம்பர் பெட்டி

"உன்னால ஒரு ஆஸ்பத்திரி காண்ட்ராக்ட் போச்சு. இப்பத் திருப்தியா?"

குணசீலன் ஜெயப்பிரியாவைப் பார்த்துக் கேட்டார். சேலம் ஃபேர்லேண்ட்ஸில் அவர் நடத்தும் காலிபரேஷன் லேபில் அவளுக்கு ஆறு வருட வேலை. ஒரு கருவி காட்டும் அளவு நிஜமா என்று சோதிக்க வேண்டும். சரியாக இருந்தால் பச்சை ஸ்டிக்கர், தப்பாக இருந்தால் சிவப்பு.

முந்தின நாள் திருச்செங்கோட்டில் ஒரு தனியார் ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தாள். குறைமாதக் குழந்தைகளை வைக்கிற கண்ணாடிப் பெட்டிகள் மூன்று இருந்தன. அதில் இரண்டு தப்பு. வெளியே முப்பத்துநாலு டிகிரி என்று காட்டின, உள்ளே முப்பத்தேழு. இரண்டுக்கும் சிவப்பு ஒட்டிவிட்டு வந்துவிட்டாள்.

"அவங்களுக்கு அடுத்த வாரம் இன்ஸ்பெக்‌ஷன். கொஞ்சம் பார்த்துப் பண்ணியிருக்கக் கூடாதா?"

"பச்சக் குழந்தைங்களப் படுக்க வெக்கிற பெட்டிங்க சார்."

"எனக்குத் தெரியாதா? நீ ஒட்டின ஸ்டிக்கரை அப்பவே கிழிச்சுப் போட்டுட்டாங்க. வேற ஒருத்தன் அந்தப் பக்கம் எட்டிக்கூடப் பார்க்காம, மூணு பெட்டிக்கும் சர்டிபிகேட் அடிச்சு வாட்ஸ்அப்ல அனுப்பிட்டான். அரை மணி நேர வேலை. இன்னைக்கு நம்ம தொழில் இப்படித்தாம்மா நடக்குது. கருவியத் தொட்டுப் பார்க்கிறவனெல்லாம் கடையச் சாத்திட்டுப் போறான்."

மறுநாளிலிருந்து அவளை வெளியே அனுப்பவில்லை. ஆபீசில் உட்காரவைத்து டைப் அடிக்கச் சொன்னார். லேபுக்கு வந்தே சேராத தராசுகளுக்கும் மீட்டர்களுக்கும் அவள் சர்டிபிகேட் அடித்தாள். வேலையை விட்டுவிடலாம் என்று முதல் வாரம் நினைத்தாள். ஒரு மாதத்தில் பழகிவிட்டது. எந்த ஊர், எந்தக் கருவி என்று படிப்பதைக்கூட விட்டுவிட்டாள். கட்டுக் கட்டாகக் கையெழுத்துப் போட்டுத் தள்ளினாள். கைவிட்டுப் போன இடங்களிலிருந்தும் லேபுக்கு மறுபடி வேலை வந்து குவிந்தது.

ஐந்து மாதம் கழித்து, ஒருநாள் காலையில் அர்த்தநாரியிடமிருந்து போன் வந்தது. அந்தத் திருச்செங்கோட்டு ஆஸ்பத்திரியின் முதலாளி. போர்வெல் லாரி ஓட்டிச் சம்பாதித்து ஆஸ்பத்திரி கட்டியவர். சிவப்பு ஸ்டிக்கரைப் பார்த்து, "ஒரு பொம்பளப் புள்ளைக்கு இத்தனை திமிரா?" என்று அன்றைக்கு வராந்தாவில் நின்று கத்தியவர்.

"அம்மணி, அந்த மிஷினை எடுத்துக்கிட்டு உடனே வரோணும். உங்க முதலாளிகிட்டச் சொல்ல வேண்டாமுங்க."

"என்னங்க சார் விஷயம்?"

"எம் புள்ளைக்கு ஏழு மாசந்தானுங்க ஆகுது. வலி கண்டுருச்சு. குழந்தையப் பெட்டியிலதான் வெக்கோணும்ங்கறாங்க. எந்தப் பெட்டி நல்ல பெட்டின்னு நீங்கதான் பார்த்துச் சொல்லோணும்."

வயிற்று வலி என்று லீவு சொல்லிவிட்டு, சூடு அளக்கும் சென்சாரைப் பையில் போட்டுக்கொண்டு பஸ் ஏறினாள். வழியெல்லாம் மனசு லேசாக இருந்தது. ஐந்து மாதத்தில் முதல் முறையாக ஒருத்தர் நிஜமான அளவைக் கேட்கிறார்.

அர்த்தநாரி வாசலிலேயே காத்திருந்தார். அவளைக் கண்டதும் கையெடுத்துக் கும்பிட்டார்.

"அன்னைக்குப் பேசினதை மனசுல வெச்சுக்காதீங்க சாமி."

"பரவால்லீங்க சார். பெட்டிங்க எங்க?"

ஒன்றும் இரண்டும் காலியாக இருந்தன. மூன்றாவதில் ஒரு குழந்தை. பள்ளிபாளையத்தில் தறி ஓட்டுகிறவருடைய குழந்தையாம், பிறந்து ஒன்பது நாளாகிறதாம். நர்ஸ் சித்ரா சொன்னாள்.

ஒவ்வொரு பெட்டிக்குள்ளும் சென்சாரை வைத்து அரை மணி நேரம் காத்திருந்தாள். மூன்றாவதில் குழந்தையின் மேல் படாமல், ஓரமாக வைத்தாள். உள்ளங்கை அகலம்தான் இருந்தது அதன் முதுகு. மூச்சு விடும்போது விலா எலும்பு தெரிந்தது.

எல்லாம் முடித்துவிட்டு நிமிர்ந்தாள்.

"மூணாம் நம்பர் மட்டுந்தான் சரிங்க சார். மத்த ரெண்டும் மூணு டிகிரி அதிகமாச் சுடுது. அதுல எந்தக் குழந்தையையும் வெக்கக் கூடாது. இப்பவே போன் போட்டுச் சேலத்துல இருந்து ஒரு புதுப் பெட்டி வரச் சொல்லிருங்க."

அர்த்தநாரி கண்ணை மூடி, பெருமூச்சு விட்டார்.

"எங்க குலத்தையே காப்பாத்திட்டீங்க அம்மணி." நர்ஸ் பக்கம் திரும்பினார். "சித்ரா, மூணுல இருக்கற குழந்தையத் தூக்கி ஒண்ணுல வெச்சுரு. மூணைத் தொடச்சு ரெடி பண்ணு. எம் பேரக் குழந்தை வந்துரும்."

ஜெயப்பிரியாவுக்கு முதலில் புரியவில்லை. புரிந்ததும் ஓடிப்போய் ஒன்றாம் பெட்டியின் பிளக்கைப் பிடுங்கினாள்.

"குழந்தை வெந்து போயிருங்க சார்! இப்பத்தானே சொன்னேன், இந்தப் பெட்டி தப்புன்னு!"

சித்ரா குழந்தையைக் கையில் ஏந்தியபடி நின்றாள். யார் சொல்வதைக் கேட்பது என்று அவளுக்குத் தெரியவில்லை.

அர்த்தநாரி கோபப்படவில்லை. பிளக்கை அவள் கையிலிருந்து மெதுவாக வாங்கி மறுபடியும் சொருகினார். பிறகு அலமாரியிலிருந்து ஒரு ஃபைலை எடுத்து, அவள் முன்னால் விரித்து வைத்தார்.

"இந்தப் பெட்டி சரியா இருக்குதுன்னு போன மாசம் உங்க லேபுல இருந்துதானுங்க அம்மணி சர்டிபிகேட் வந்துச்சு. கையெழுத்து உங்களுதுதானுங்களே?"