ஐயாவின் முறை

பாக்கியரத்தினம் ஐயாவைச் சலூன்கார றஊப் இந்த முறையும் காக்க வைத்தார்.

சலூனுக்கு முதலில் வந்தவர் ஐயாதான். ஆனால் பின்னால் வந்த மீன் முதலாளிக்கு முடி வெட்டியாயிற்று. இப்போது ஓட்டோக்காரர் ஒருவர் கதிரையில் இருந்தார்.

ஐயா உள்ளூர்ச் சபையின் முன்னாள் தவிசாளர். துறைமுக வீதியில் அவரைக் கண்டால், மடித்துக் கட்டிய சாரத்தை ஆட்கள் இறக்கிவிட்ட காலம் ஒன்று இருந்தது. இப்போது வாங்குப் பலகையில் குடையோடு இருந்து, சாம்பல்தீவுக்குத் தண்ணீர்க் குழாய் கொண்டுவந்த கதையைப் பக்கத்தில் இருந்தவர்களுக்குச் சொல்லிக்கொண்டிருந்தார்.

முறைக்குக் காத்திருந்த பிரகலாதனுக்குப் பொறுக்கவில்லை. துறைமுகத்தில் வேலை செய்கிறவன். போன மாதமும் இதே கூத்தைப் பார்த்திருந்தான்.

ஓட்டோக்காரர் எழும்பினார். "அடுத்தது நீங்கள் வாங்கோ, தம்பி," என்று றஊப் அவனைக் கூப்பிட்டார்.

"ஏன் நானா, பதவி போனால் முறையும் போயிடுமோ? ஐயாவுக்கு வெட்டுங்கோ. இல்லாட்டி நான் எழும்பிப் போறன்."

மற்றவர்களும் அதுதான் சரி என்றார்கள். றஊப் ஐயாவைப் பார்த்தார். ஐயா கதையைப் பாதியில் விட்டுவிட்டு எழும்பினார்.

வெட்டுவதற்குத் தலையில் அதிகம் இல்லை. சுருக்காக முடிந்துவிட்டது. வாங்கில் அவருடைய இடத்தில் வேறு ஒருவர் இருந்துவிட்டார்.

"அப்ப நான் வாறன்," என்று பொதுவாகச் சொன்னார் ஐயா. வாசலில் கொஞ்சம் நின்றார். பிறகு வெயிலில் இறங்கிப் போனார்.

பிரகலாதன் கதிரையில் ஏறிச் சாய்ந்தான். "நியாயமெண்டால் இதுதான், நானா."

றஊப் துணியைப் போர்த்தினார்.

கொஞ்ச நேரத்தில் ஐயா திரும்பி வந்தார். "குடையை விட்டிட்டுப் போயிட்டன்."

குடை அவருடைய கையிலேயே தொங்கியது. எல்லோரும் கண்டார்கள். ஒருவரும் சிரிக்கவில்லை.

"வாங்குக்குக் கீழ பாருங்கோ, ஐயா. இருந்து ஆறுதலாத் தேடுங்கோ," என்றார் றஊப்.

ஆட்கள் ஒதுங்கி இடம் விட்டார்கள். பிறகு அந்தக் குழாய்க்கு என்ன நடந்தது என்று யாரோ கேட்டார்கள். ஐயா குடையைத் தேடவில்லை; விட்ட இடத்திலிருந்து கதையைத் தொடங்கினார்.

றஊப் பிரகலாதனின் காதருகே குனிந்தார்.

"ஐயாட மனுசி கண்ணை மூடின பிறகு அந்த வீட்டில கதைக்க ஆளில்லை, தம்பி. நான் இந்தக் கடைக்கு அனுமதி கேட்டு அலைஞ்ச காலத்தில, இவர் என்னை ஒரு நாளும் சபைக் கந்தோர் வாசலில காக்க வைக்கல்ல. அந்த நன்றிக்குத்தான் நான் இவரை இங்க காக்க வைக்கிறன்."