ஏற்புரை

“தலையை ஆட்டாம பேசுங்க மாமா. எல்லாரும் உங்க வாயத்தான் பாத்துக்கிட்டிருக்காங்க.”

மைத்துனி காகிதத்தை அவர் கண்ணுக்கு நேராகப் பிடித்தாள். விருது விழாவுக்காக அவரே எழுதிய ஏற்புரை. விளக்கு வெளிச்சத்தில் கண் கூசியது. ஒரு பக்கம் நீலத் திரை. அதற்குப் பின்னால் ஆட்கள் தாழ்ந்த குரலில் பேசியபடி எதையெதையோ எடுத்து வைக்கும் சத்தம்.

பேராசிரியருக்கு நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொண்டது. “கொஞ்சம் தண்ணி...”

“முடிச்சிட்டுக் குடிக்கலாம். ஊருக்கெல்லாம் கிளாஸ் எடுக்கற ஆளு, இப்படிப் பயந்து சாகறீங்களே. பரிசு வாங்கப்போறவர் மூஞ்சியா இது?”

“உங்க அக்கா எங்க?”

“வெளிய. உள்ள வந்தா உங்களுக்கு முன்னாடி அவ மயங்கி விழுந்துடுவா.”

அவள் கண்கள் மட்டும் சிரித்தன. பேச்சுப் பயிற்சி தருவதுதான் அவள் வேலை. எத்தனையோ பேரைப் பேச வைத்தவள். ஆனால் அவர் கையை இறுகப் பிடித்தவள் விடவே இல்லை. அதை அவர் கவனித்துவிட்டார்.

விருதுச் செய்தி வந்த அன்று ஆய்வுக்கூடமே துள்ளிக் குதித்தது. புற்றுநோய்ச் சிகிச்சையிலும் மூளை நோய்களிலும் சாதித்தவர்களுக்கான விருது அது. அவருடைய வேலைக்கு இரண்டு பக்கமும் கால் உண்டு.

அந்த வாரம்தான் பயமும் வந்தது. சாப்பிடும்போது கரண்டி கேட்க நினைத்துச் சாவி கேட்டார். “விருதுன்னு சொன்னதும் ஐயாவுக்குத் தலைகால் புரியல,” என்று மனைவி கேலி செய்தாள். மகள் ஓடிப்போய் நிஜமாகவே சாவியைக் கொண்டுவந்து தட்டுக்குப் பக்கத்தில் வைத்தாள். இருவரும் சிரித்தார்கள். அவர் சிரிக்கவில்லை.

பேச்சு நடுவில் நின்றுவிட்டால்? எத்தனையோ பேருக்குத் தைரியம் சொன்ன வாய்தான். தனக்கென்று வரும்போது அதில் ஒரு சொட்டுகூட மிச்சமில்லை.

“சார், நாங்க ரெடி,” என்றான் திரைக்குப் பின்னாலிருந்து அவருடைய பழைய மாணவன். இன்றைக்கு எல்லாம் அவன் பொறுப்பு. வேறு யாருக்கும் அவர் ஒத்துக்கொள்ளவில்லை. “நிறுத்தாம பேசிக்கிட்டே இருங்க. தடங்கல் வந்தா நான் பாத்துக்கறேன்.”

“கை நடுங்குதாடா?”

“உங்க குரல்தான் சார் நடுங்குது.”

யாரோ சிரிப்பை அடக்கினார்கள். அவர் ஆரம்பித்தார்.

“அவையோருக்கு வணக்கம். மூளையில் கட்டி வந்தவரைப் பிழைக்க வைத்தால் மட்டும் போதாது என்று நினைத்தோம். பிழைத்தவர் வீட்டுக்குப் போய்த் தன் பிள்ளையைப் பேர் சொல்லிக் கூப்பிட வேண்டும். அதற்கு வழி தேடியதுதான் எங்கள் ஆராய்ச்சி. எங்களை நம்பித் தங்களை ஒப்படைத்தவர்களுக்குத்தான் இந்த விருது...”

குரல் தேறியது. வரிகள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தன. மைத்துனி காகிதத்தைத் தாழ்த்தினாள்.

“இனிமே பாக்காமச் சொல்லுங்க. வீட்டு ஆளுங்களுக்கு நன்றி. அக்காவை விட்டீங்கன்னா அப்புறம் வீட்டுக்குள்ளயே விடமாட்டா.”

“என் மனைவிக்கு நன்றி. ஆய்வுக்கூடத்தைச் சக்களத்தி என்று சொல்லிக்கொண்டே அதற்கும் சேர்த்துச் சோறு கட்டிக் கொடுத்தவள். அப்புறம் என் மகள்...”

மகள். அவர் வைத்த செல்லப் பெயர். அது நாக்கு நுனியில் இல்லை. எங்கேயுமே இல்லை. முன்பல் விழுந்த அந்தச் சிரிப்பு தெரிந்தது. தட்டுக்குப் பக்கத்தில் சாவியை வைத்த சின்னக் கை தெரிந்தது. பெயர் இருந்த இடம் மட்டும் வெறிச்சென்று கிடந்தது.

வாயைத் திறந்தார். காற்றுதான் வந்தது.

“மாமா? உங்க பொண்ணு. என்னன்னு கூப்பிடுவீங்க?”

உதடு அசைந்தது. இதற்குத்தான் பயந்தேன் என்று சொல்லக்கூடச் சொல் அகப்படவில்லை. கண்ணோரம் நீர் வழிந்து காதுக்குள் இறங்கியது.

மைத்துனி திரைப் பக்கம் திரும்பிக் கத்தினாள். “பேச்சு நின்னுடுச்சு!”

“அந்த இடத்தைத் தொட வேணாம். தள்ளி வாங்க,” என்று மாணவன் யாரிடமோ சொன்னான். அவன் குரலில் இப்போது விளையாட்டு இல்லை.

மைத்துனி அவர் காதோரத்து ஈரத்தைத் துடைத்தாள்.

“பட்டாணி,” என்றார் அவர்.

மைத்துனி வாய் திறக்குமுன் மறுபடியும் சொன்னார். “பட்டாணி. என் பட்டாணிக்கு நன்றி. பட்டாணி...” விட்டால் யாராவது பிடுங்கிக்கொண்டு போய்விடுவார்கள் என்பதுபோல.

“போதும் மாமா,” என்றாள் அவள். அழுகையும் சிரிப்பும் ஒன்றாக வந்தன. “விழாவுல இப்படிச் சொன்னீங்கன்னா பட்டாணி விக்க வந்த ஆளுன்னு நினைச்சுக்குவாங்க.”

அவர் நிறுத்தவில்லை. நிறுத்தப் பயம். குழுவில் இருந்தவர்கள், விலகிப் போனவர்கள், ஆய்வுக்கூடத்தைத் துடைத்துப் பெருக்கும் அம்மா, காகிதத்தில் எழுத மறந்தவர்கள் என்று நினைவுக்கு வந்த எல்லாருக்கும் நன்றி சொன்னார். ஒவ்வொரு நன்றியின் முடிவிலும் பட்டாணி ஒருமுறை வந்துபோனாள்.

திரைக்குப் பின்னால் உலோகத் தட்டில் ஏதோ மெத்தென்று விழுந்தது. மாணவன் நீளமாக மூச்சு விட்டான்.

“கட்டி முழுசா வந்துடுச்சு சார். மண்டையோட்ட மூடிடலாமா?”