மண்ணின் மைந்தனுக்கு வாடகை வீடு

மேனாம்பேட்டில் வாடகைக்கு வீடு கேட்டு வந்த நடிகர் அருள்மொழியை, வீட்டுக்கார நாகம்மா பார்த்தவுடனே கண்டுகொண்டாள்.

"கிராமத்துப் படத்துல வர்ற நைனாதானே நீ? மூணு படமும் பாத்துக்கீறேன். அழுது அழுது முந்தானையே நனைஞ்சிபூட்ச்சி!"

வீடு கிடைத்த மாதிரிதான் என்று அருள்மொழி அட்வான்ஸை எடுத்தார்.

"கதை, வசனம்கூட நீயே எழுதுறியாமே?"

"ஒவ்வொரு வரியும் என் நெஞ்சுலேர்ந்து வந்ததும்மா!"

நாகம்மா கொடுக்க வந்த சாவியை மறுபடி இடுப்பில் செருகிக்கொண்டாள்.

"அப்போ ஊடு இல்ல நைனா."

"ஏம்மா?"

"மூணு படத்துலயும் எவன் வந்து காலி பண்ணச் சொன்னாலும், 'உசுரே போனாலும் இந்த எடத்த விட்டு நகர மாட்டேன்'னு நிக்கிறியே! தியேட்டர்ல மொதல்ல கைதட்டுனதே நான்தான். ஆனா, இது என் ஊடாச்சே!"