குழிப் பொத்தான்

சின்னப்பனுக்கு இடது கையில் மாவுக்கட்டு. வெள்ளிக்கிழமை கல்யாணத்தில் அக்கார்டியன் வாசிக்க ஆளில்லை. மனைவி ராஜாத்திக்கு அவசர அவசரமாகச் சொல்லிக்கொடுத்தான்.

"வலது கைக்குக் கட்டை, அதுல பாட்டு. இடது கைக்குப் பொத்தான், அதுல பேஸு. துருத்திய இழுக்கறதும் அந்தக் கைதான். பொத்தான் கண்ணுக்குத் தெரியாது, தடவித்தான் புடிக்கணும். ஒண்ணுல மட்டும் குழி கீது. அத்த வச்சி மத்தத கண்டுபுடி."

"இன்னாய்யா, எறா தடவுற மாதிரிதான?"

பழவேற்காட்டு ஏரிச் சேற்றில் கையால் இறால் பிடிப்பவள் அவள். கலங்கிய தண்ணீருக்குள் இரண்டு பேர் கை முட்டிக்கொண்டால், பிந்தி வந்தவள் தன் பேரைச் சொல்லிவிட்டுக் கையை எடுத்துவிட வேண்டும். அங்கே அதுதான் வழக்கம்.

ராஜாத்தி துருத்தியை இழுத்தாள். வலது கை தடுமாறியது. வாருக்குள் நுழைந்திருந்த இடது கை குழியைத் தேடிப் போனது. குழியின்மேல் ஏற்கெனவே ஒரு விரல் இருந்தது. ஈரமாக இருந்தது.

"ராஜாத்தி" என்றாள், பழக்க தோஷத்தில். கையை வெளியே எடுத்துவிட்டாள்.

முதுகைக் காட்டி உட்கார்ந்து ஒற்றைக் கையால் தீக்குச்சி கிழித்துக்கொண்டிருந்த சின்னப்பன் தலையை ஆட்டினான்.

"அப்படித்தான். இப்பதான் பேஸு சரியா வருது. நிறுத்தாத."

அவள் நிறுத்தவில்லை. துருத்தி விரிந்து சுருங்கியது. இடது கை மடியில் கிடந்தது, விரல் நுனியில் சேற்றோடு.